கடிவாளம் யார் கையில்?

நாடக மேடையிலும் வெள்ளித் திரையிலும் அழுகின்ற நடிகர்களை நாம் எல்லோரும் கண்டிருக்கிறோம். அந்த அழுகை பொய் என்பது நமக்குத் தெரியும். தெரிந்தும் நம் கண்களில் நீர் துளிர்க்கிறது. திரை விழுந்ததும் அந்த நடிகர் முகத்தைத் துடைத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டுவிட்டுப் படுத்துக்கொள்வார் என்ற நிம்மதியும் அந்தக் கண்ணீரோடு சேர்ந்தே இருக்கிறது.

இன்று நான் பேச எடுத்துக்கொண்டது வேறு வகையான நடிகர் ஒருவரைப் பற்றி. நடிகர் என்று அவரைச் சொல்லுவது பொருந்துமோ என்னவோ! அவர் வேஷம் போட்டதில்லை; வசனம் பாடம் பண்ணியதில்லை. தம்முடைய உடம்பு படும் பாட்டைக் காமிராவின் முன்னால் ஒளிக்காமல் காட்டினார், அவ்வளவுதான். அவர் பெயர் யூரே ரோபிச். ஆல்ப்ஸ் மலைச் சாரலில், இத்தாலிக்கும் ஆஸ்திரியாவுக்கும் அண்டையில் இருக்கும் ஸ்லோவீனியா என்ற சிறு நாட்டைச் சேர்ந்தவர். இருபது லட்சம் பேரே வாழும் நாடு அது. 1991-ஆம் ஆண்டு வரையில் யூகோஸ்லாவியாவின் ஒரு பகுதியாக இருந்தது. 1965-ல் பிறந்த ரோபிச் அந்நாட்டு இராணுவத்தில் ஒரு வீரர். ஆனால் அவருடைய புகழ் துப்பாக்கியினால் வந்தது அன்று, சைக்கிளினால் வந்தது.

பெரிய கம்பெனிகளின் பணமும் நட்சத்திரங்களின் பெயரும் இல்லாமல், தனி மனிதர்கள் தம் முயற்சியாலேயே எடுக்கும் ஆவணப் படங்கள் உண்டு. அவற்றுள், மனித உடம்பு எவ்வளவு தாங்கும் என்ற கேள்வியையே பொருளாகக் கொண்டவை பல. அமேஸான் நதியில் 2007-ஆம் ஆண்டில் 66 நாட்களில் 5,268 கிலோமீட்டர் நீந்திய மார்ட்டின் ஸ்ட்ரெல் என்பவரைப் பற்றி ஒரு படம் இருக்கிறது. அவரும் ஸ்லோவீனியர்தாம் என்பது ஒரு வியப்பு. ரோபிச் தோன்றும் படத்தின் பெயர் ‘பைசிக்கிள் டிரீம்ஸ்’; அதாவது, சைக்கிள் கனவுகள். ஸ்டீபன் ஔவர்பாக் என்பவர் எடுத்தது, 2009-ல் வெளிவந்தது. அமெரிக்கக் கண்டத்தை மேற்குக் கரையிலிருந்து கிழக்குக் கரை வரையில் சைக்கிளில் கடக்கும் பந்தயம் ஒன்று ஆண்டுதோறும் நடக்கிறது. 2005-ஆம் ஆண்டில் நடந்த அந்தப் பந்தயமே இந்தப் படத்தின் கதை.

பந்தயத்தைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். அது 1982-ல் தொடங்கியது. முதல் ஆண்டில் கலந்துகொண்டவர்கள் நாலே நால்வர். கலிபோர்னியாவில் ஸாண்டா மோனிகா கடல்துறையிலிருந்து புறப்பட்டு, நியூயார்க்கில் எம்பயர் ஸ்டேட் கட்டடத்தின் வாசலில் போய் இறங்க வேண்டும். லான் ஹால்ட்மன் என்பவர் 9 நாள் 20 மணி 2 நிமிஷத்தில் போய் இறங்கினார். தூரம் ஏறக்குறைய 3,000 மைல். பிறகு புறப்படும் ஊரும் சேரும் ஊரும் மாறினாலும், தூரம் அந்த அளவிலேதான் இருந்து வருகிறது.

பிரான்ஸ் தேசத்துச் சைக்கிள் பந்தயத்தைப் பற்றி நேயர்கள் பலரும் கேள்விப்பட்டிருப்பீர்கள். அது சுமார் 2,100 மைல். அதை 21 பகுதிகளாகப் பிரித்து, மூன்று வாரங்களுக்கு மேல் ஓட்டுகிறார்கள். ஒவ்வொரு நாளும் மாலையில் கடிகாரம் நின்றுவிடும். வீரர் குளிக்கலாம், உண்ணலாம், உறங்கலாம். அமெரிக்கப் பந்தயத்திலோ கடிகாரம் நிற்பதே இல்லை. முதல் மிதியில் ஓடத் தொடங்கும் கடிகாரம், கடைசி மிதியில்தான் நிற்கும். ஒருவர் உறங்கினால், அவர் உறங்கும் நேரமும் பந்தய நேரமே. ஆகவே, இதில் வேகமாக ஓட்டுகிறவனைக் காட்டிலும் குறைவாக உறங்குகிறவனே முந்துகிறான். பாலைவனத்து வெயிலில் ஒரு நாள், மலைக் கணவாயின் குளிரில் ஒரு நாள், முடிவே தெரியாத சமவெளியின் எதிர்க்காற்றில் இரண்டு நாள் என்று போய்க்கொண்டே இருக்க வேண்டும். ரோபிச் ஒரு நாளைக்கு ஒன்றரை மணி நேரம் உறங்குவார். சில நாட்களில் அதுவும் இல்லை.

இவ்வாறு ஓட்டினால் உடம்பு என்ன ஆகும்? கால் ஓயும் என்று நாம் நினைப்போம். முதலில் ஓய்வது கால் அன்று, கழுத்து. குனிந்தபடியே சாலையை நிமிர்ந்து பார்த்துக்கொண்டிருக்கும் கழுத்துத் தசைகள் சில நாட்களில் வேலைநிறுத்தம் செய்துவிடும். தலை மார்பின் மேல் தொங்கிவிடும், தூக்க முடியாது. 1983-ஆம் ஆண்டுப் பந்தயத்தில் இந்தத் துன்பம் நேர்ந்த மைக்கேல் ஷெர்மர் என்பவரின் பெயராலேயே இதற்கு ‘ஷெர்மர் கழுத்து’ என்று பெயர் வந்துவிட்டது. கால் நன்றாக இருக்கும், நெஞ்சு நன்றாக இருக்கும், தலை மாத்திரம் நிற்காது. மோவாய்க்கு முட்டுக்கொடுத்துக்கொண்டு ஓட்டியவர்கள் உண்டு.

கழுத்துக்குப் பிறகு மனம். அதே ஷெர்மருக்கு அதே பந்தயத்தில் நேர்ந்த மற்றொரு அனுபவத்தை அவரே எழுதியிருக்கிறார். 83 மணி நேரம் உறங்காமல் 1,259 மைல் ஓட்டி, நெப்ராஸ்கா மாநிலத்தில் ஒரு தனிச் சாலையில் தள்ளாடிக்கொண்டு போகிறார். பின்னால் அவருடைய துணைக்குழு பெரிய வண்டியில் விளக்குகளைப் போட்டுக்கொண்டு வருகிறது. அவரை நிறுத்திச் சற்று உறங்க வைக்க வேண்டும் என்று நண்பர்கள் இறங்கி வருகிறார்கள். அவருக்கோ அந்த வண்டி விண்வெளிக் கப்பலாகத் தோன்றுகிறது. வந்தவர்கள் நண்பர்களைப் போல உருமாறிய வேற்றுக் கிரகத்தார்! தம்மைக் கடத்திக்கொண்டு போகவே வந்திருக்கிறார்கள் என்று அவர் நிச்சயமாக நம்பினார். உறங்கி எழுந்ததும் மயக்கம் தெளிந்தது. அன்றே, பந்தயத்தைப் படம் பிடிக்க வந்திருந்த தொலைக்காட்சிக்காரர்களிடம் அதைச் சொல்லிச் சிரித்தார். பிற்காலத்தில் அவர், மூடநம்பிக்கைகளை ஆராயும் எழுத்தாளராகப் பெயர் பெற்றார். கண்ணால் கண்டதும் பொய்யாகலாம் என்ற பாடத்தைப் புத்தகத்தில் படிக்காமல் சாலையில் படித்தவர் அவர்.

இந்த நிகழ்ச்சியில் என் மனத்தைத் தைத்தது விண்வெளிக் கப்பல் அன்று. தன்னைக் காப்பாற்ற வருகிறவனையே பகைவன் என்று எண்ணும் நிலைக்கு மனிதன் வந்துவிடுகிறான் என்பதுதான். அந்த நிலையில் அவனுக்கு எது நன்மை என்று யார் தீர்மானிப்பது?

ரோபிச்சின் கதை இந்தக் கேள்விக்குத்தான் நம்மை இழுத்துக்கொண்டு போகிறது. அவரையும் அவருடைய குழுவினரையும் பற்றி ‘நியூயார்க் டைம்ஸ்’ பத்திரிகை 2006-ல் ஒரு நீண்ட கட்டுரை வெளியிட்டது. பந்தயம் தொடங்கி இரண்டாம் நாளிலேயே அவர் பேச்சு மாறத் தொடங்குமாம். மூன்றாம் நாளில் கோபமும் சந்தேகமும் வந்துவிடும். காரணமின்றி அழுவார், சற்று முன் நடந்தது மறந்துவிடும். அதற்கும் பிறகு சாலையோரங்களில் ஓநாய்களும் கரடிகளும் உலாவும். தார்ச் சாலையின் வெடிப்புகள் எழுத்துகளாக மாறி அவருக்கு மட்டும் இரகசியச் செய்தி சொல்லும். சில சமயம் சைக்கிளை விட்டுக் குதித்து, இருட்டில் நிற்கும் பகைவன் ஒருவனோடு போருக்கு நிற்பார். அந்தப் பகைவன், வீட்டு வாசலில் நட்டு வைத்த தபால் பெட்டி! ஒரு முறை, கறுத்த தாடியும் குதிரையுமாக ஒரு கூட்டம் கூச்சலிட்டுக்கொண்டு தம்மைத் துரத்துவதைக் கண்டார். என்ன செய்தார் என்கிறீர்கள்? இன்னும் வேகமாக மிதித்தார்.

கேட்பதற்கு இது வேடிக்கையாகத்தான் இருக்கிறது. நானும் முதலில் சிரித்தேன். ஆனால் துரத்துகிற குதிரைகளைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறோமே, ஓடுகிற குதிரையின் கடிவாளம் யார் கையில் இருந்தது என்று பார்க்க வேண்டாமா?

அது ரோபிச்சின் கையில் இல்லை. அவருடைய குழுவினர் கையில் இருந்தது. இராணுவத் தோழர்களும் நண்பர்களுமாக அமைந்த குழு அது. இரவெல்லாம் அவருக்குப் பின்னாலேயே வண்டியில் வந்து, விளக்கு வெளிச்சத்தில் சாலையைக் காட்டுவார்கள். எப்போது உண்ண வேண்டும், எப்போது உறங்க வேண்டும், எப்போது எழ வேண்டும், எல்லாவற்றையும் அவர்களே முடிவு செய்வார்கள். பந்தயம் தொடங்குமுன், தெளிந்த அறிவோடு இருக்கும்போதே, ரோபிச் அதற்கு இசைந்துவிடுவார். பிறகு அவர் கெஞ்சினாலும் திட்டினாலும் குழுவின் சொல்தான் சொல். அறிவை ஒருவரிடம் அடகு வைத்துவிட்டு உடம்பை மட்டும் எடுத்துக்கொண்டு போனார் என்று சொல்லலாம்.

இந்த ஏற்பாட்டினால் என்ன ஆதாயம்? இங்கேதான் விஞ்ஞானிகள் சொல்லும் ஒரு கருத்தைக் கவனிக்க வேண்டும். களைப்பு என்பது தசையில் சக்தி தீர்ந்துபோனதன் அடையாளம் என்றே நெடுங்காலமாக நினைத்து வந்தார்கள். தென்னாப்பிரிக்காவைச் சேர்ந்த டிம் நோக்ஸ் என்ற உடலியல் அறிஞர், அது முழு உண்மை அன்று என்றார். உடம்பு உண்மையாகவே ஆபத்தை அடைவதற்கு வெகு முன்பே, மூளை முன்ஜாக்கிரதையாகத் தசைகளுக்குக் கொடுக்கும் கட்டளையைக் குறைத்து, ‘இனி முடியாது’ என்ற உணர்ச்சியை உண்டாக்குகிறது என்பது அவர் கொள்கை.

இதை நம் வீட்டு அடுக்களையில் வைத்துப் பார்க்கலாம். அரிசிப் பானையைப் பார்த்துவிட்டு வீட்டு அம்மாள், “அரிசி தீர்ந்துவிட்டது” என்று சொல்லுகிறாள். உண்மையில் பானை காலியா? இல்லை. அடியில் இரண்டு படி அரிசி இருக்கிறது. நடு இரவில் விருந்தாளி வரலாம், மழை பிடித்துக்கொள்ளலாம் என்று அவள் அதைக் கணக்கிலே சேர்ப்பதில்லை. ‘தீர்ந்துவிட்டது’ என்பது பானையின் சொல் அன்று, அவளுடைய சொல். களைப்பும் அப்படித்தான். அது தசையின் சொல் அன்று, மூளையின் சொல் என்கிறார் நோக்ஸ்.

இதற்கு ஆதரவாகப் பழைய சோதனை ஒன்றும் இருக்கிறது. 1961-ஆம் ஆண்டில் இகாய், ஸ்டைன்ஹவுஸ் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள், சிலரைத் தம் முழுப் பலத்தோடும் கையால் இழுக்கச் சொல்லி அளந்தார்கள். பிறகு, இழுக்கும் சமயத்தில் அருகே எதிர்பாராமல் துப்பாக்கி வெடிக்கச் செய்து அளந்தார்கள். அவர்களையே உரக்கக் கத்தச் சொல்லியும் அளந்தார்கள். இரண்டு முறையும் ‘முழுப் பலம்’ இன்னும் கூடிற்று! முன்பு முழுமை என்று நினைத்தது முழுமை அன்று என்று தெரிந்தது. நோக்ஸின் கொள்கையை எல்லா அறிஞர்களும் ஒப்புக்கொள்ளவில்லை. களைப்பில் தசைக்கும் பங்கு உண்டு என்று வாதிடுகிறவர்கள் இருக்கிறார்கள். ஆயினும் மூளைக்கு அதில் பெரும் பங்கு உண்டு என்பதில் ஐயம் இல்லை.

இப்போது ரோபிச்சின் ஏற்பாடு விளங்குகிறது. அவர் மூளை ‘தீர்ந்துவிட்டது’ என்று சொல்லும்போது, வெளியே இருந்த வேறு மூளைகள், ‘இல்லை, அடியில் இருக்கிறது’ என்று பானைக்குள் கையை விட்டன. அதன் பலன் உலகம் அறிந்தது. 2004, 2005, 2007, 2008, 2010 ஆகிய ஐந்து ஆண்டுகளில் அவர் அந்தப் பந்தயத்தை வென்றார். 2005-ல் அவருக்கு ஆனது 9 நாளுக்குச் சிறிது மேல். அவருக்குப் பின் வந்த ஆஸ்திரியர் கிரிஸ்டாஃப் ஷ்ட்ராஸர் ஆறு முறை வென்று அவரை மிஞ்சினார். 2014-ல் 7 நாள் 15 மணி 56 நிமிஷத்தில் கண்டத்தைக் கடந்தார். மனிதனால் இது இயலும் என்று வழி திறந்தவர்களில் ரோபிச் முக்கியமானவர்.

ஆனால் அம்மாள் அடியிலே இரண்டு படியை மறைத்து வைத்தது வீணாகவா? அந்த இரண்டு படியும் போய்விட்டால் அடுத்த வேளைக்கு என்ன செய்வது? அந்தக் கேள்வியையும் இந்தப் படம் கேட்காமல் விடவில்லை.

2005-ஆம் ஆண்டுப் பந்தயத்தில் ராபர்ட் பிரீட்லவ் என்ற ஒருவரும் கலந்துகொண்டார். அயோவா மாநிலத்தில் எலும்புச் சிகிச்சை மருத்துவர், வயது 53. முன்பே கண்டத்தைக் கடந்து பழகியவர். கொலராடோ மாநிலத்தில் எதிரே வந்த வண்டி ஒன்றில் மோதி, அந்தச் சாலையிலேயே அவர் இறந்தார். செய்தி மற்ற வீரர்களுக்கு எட்டியது. பந்தயம் நின்றுவிடவில்லை. ஓட்டலாமா, விட்டுவிடலாமா என்ற கேள்வியை ஒவ்வொருவரும் தமக்குத் தாமே கேட்டுக்கொள்ள வேண்டியிருந்தது. மூன்று நான்கு நாள் உறங்காதவர்கள், தெளிந்த மூளைக்கே கடினமான அந்தக் கேள்வியைச் சுமந்துகொண்டு மிதித்தார்கள். வீரத்தைப் படம் பிடிக்கப் போன காமிராக்கள் ஒரு சாவின் துக்கத்தையும் படம் பிடித்துக்கொண்டு திரும்பின.

இந்த இடத்தில் என்னைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லிக்கொள்ள அனுமதிக்க வேண்டும். அந்தப் படத்தை ஓர் இரவில், சாய்வு நாற்காலியில் அமர்ந்து, பக்கத்தில் காப்பியை வைத்துக்கொண்டு பார்த்தேன். களைத்துப்போன ஒருவர் தடுமாறும்போதெல்லாம், ‘இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம்’ என்று என் மனம் சொல்லிற்று. நின்றுவிடக் கூடாதே என்று எனக்கு ஆத்திரமாகக்கூட இருந்தது. அடுத்து மரணச் செய்தி வந்தது. காப்பி ஆறிப்போயிற்று. இத்தனை நேரமும் நானும் ஒரு கடிவாளத்தைப் பிடித்து இழுத்துக்கொண்டுதானே இருந்தேன் என்று அப்போதுதான் உறைத்தது.

குழுவினருக்கும் எனக்கும் ஒரு வேற்றுமை உண்டு. அவர்கள் கையைத் தொட்டுப் பார்த்தார்கள், கண்ணைப் பார்த்தார்கள், முகத்தின் நிறத்தைப் பார்த்தார்கள். ‘ஓட்டு’ என்று சொன்ன அதே வாயால் ‘படு’ என்றும் சொன்னார்கள். ஷெர்மரின் நண்பர்கள் வண்டியை விட்டு இறங்கி வந்தது அவரை ஓட வைக்க அன்று, உறங்க வைக்க. நல்ல குழு என்பது ஓட்டத் தெரிந்த குழு மட்டும் அன்று, நிறுத்தத் தெரிந்த குழு. பார்க்கிறவனுக்கு அந்தப் பொறுப்பு இல்லை. அவன் ‘இன்னும்’ என்று மட்டுமே சொல்லுவான். நிறுத்தினால் படம் முடிந்துவிடுமே!

ரோபிச்சின் முடிவையும் சொல்லிவிட வேண்டும். 2010-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் ஐந்தாம் முறையாக அமெரிக்காவைக் கடந்து வென்றார். அதே ஆண்டு செப்டம்பர் 24-ஆம் நாள், தம் சொந்த நாட்டில், யெசெனிட்சே என்ற ஊருக்கு அருகே, பயிற்சிக்காகச் சைக்கிளில் போய்க்கொண்டிருந்தார். எதிரே வந்த கார் ஒன்றில் மோதி இறந்தார். அப்போது அவருக்கு வயது 45. அது பந்தயம் அன்று. பாலைவனம் இல்லை, துரத்தும் குதிரை இல்லை, உறக்கமற்ற இரவு இல்லை. பின்னால் விளக்கு ஏந்தி வரும் வண்டியும் இல்லை. ஐந்து முறை ஒரு கண்டத்தைக் கடந்து மீண்டவர், தம் ஊருக்குப் பக்கத்துச் சாலையிலிருந்து வீடு திரும்பவில்லை.

இதை விதி என்று சொல்லி முடித்துவிடலாம். எனக்கு அதில் மனம் செல்லவில்லை. அவருடைய சாவுக்கும் அவருடைய சாதனைக்கும் முடிச்சுப் போட்டு நீதி சொல்லவும் நான் விரும்பவில்லை. அவருடைய வாழ்விலிருந்து நான் எடுத்துக்கொண்டது ஒன்றே ஒன்று.

‘தன்னந்தனியாகச் சாதித்தான்’ என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். திரையிலும் ஒரு சைக்கிளும் ஒரு மனிதனுமே தெரிகிறார்கள். ஆனால் தன் எல்லையைத் தாண்டிப் போகிற எவனும் தனியாகப் போவதில்லை. எல்லைக்கு அப்பால் அவன் அறிவு அவனோடு வருவதில்லை. அதை நம்பிக்கையானவர்களிடம் கொடுத்துவிட்டுத்தான் போகிறான். பரீட்சைக்கு இரவு பகலாகப் படிக்கும் பிள்ளைக்கும் இது பொருந்தும். நோயாளியின் கட்டிலருகே பல நாள் கண் விழிக்கும் தாய்க்கும் பொருந்தும். அவர்கள் ‘எனக்கு ஒன்றும் இல்லை, இன்னும் தாங்குவேன்’ என்பார்கள். அந்தச் சொல்லை நம்பி நாம் சும்மா இருந்துவிடலாகாது. ‘நான் பார்த்துக்கொள்கிறேன், நீ சற்றுப் படு’ என்று சொல்ல ஒருவர் அருகில் இருக்க வேண்டும்.

தாங்குகிறவனைக் கண்டு வியப்பது எளிது. அவனுடைய கடிவாளத்தைக் கையில் வாங்கிக்கொள்ள நேர்ந்தால், அதை விரைந்து ஓட்டவும் வேண்டும், தக்க சமயத்தில் இழுத்து நிறுத்தவும் வேண்டும். அந்த இரண்டாவது வேலைக்கு யாரும் பரிசு கொடுப்பதில்லை. யாரும் படம் எடுப்பதும் இல்லை. ஆனால் மனிதர்கள் வீடு திரும்புவது பெரும்பாலும் அதனால்தான்.